இரண்டு பாட்டிலிலும் ஒரே வண்டு

விவசாயக் கல்லூரியின் பூச்சிப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கிறவர்களுக்கு நான் ஏதாவது எழுதித் தர வேண்டுமாம். வாழ்த்து எழுத எனக்கு வராது. வேலையில் இருந்த காலத்தில் என் முதுகுக்குப் பின்னால் என்னை "மிளகாய்ப்பொடி மேடம்" என்று சொல்வார்கள். எனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டு சொன்னார்கள், பாவம். ஓய்வு பெற்ற பிறகும் காரம் குறையவில்லை என்பதால், வாழ்த்துக்குப் பதிலாக ஒரு வண்டின் கதையைச் சொல்கிறேன். காரமாக இருந்தால் பக்கத்தில் தண்ணீர் வைத்துக்கொள்ளுங்கள்.

வண்டு என்றதும் கொம்பும் ஓடுமாகப் பெரிதாக ஒன்றை நினைத்துவிடாதீர்கள். எள் அளவுதான் இருக்கும். பழுப்பு நிறம். முதுகு ஓடு வால்வரைக்கும் எட்டாது, போன வருஷத்துச் சட்டையைப் போட்டுக்கொண்ட குழந்தை மாதிரி இடுப்புக்குக் கீழே கொஞ்சம் தெரியும். மரத்தில் காயம்பட்டுச் சாறு வடிந்து புளித்தால் அங்கே வரும். காளான் முற்றி இளகினால் அங்கேயும் வரும். இதில் ஒன்றுபோலவே இருக்கும் பல இனங்கள் உண்டு. ஆண் வண்டைப் பிடித்து, நுண்ணோக்கியின் கீழ் வயிற்றைத் திறந்து பார்த்தால்தான் எது எது என்று உறுதியாகச் சொல்ல முடியும். கழுத்து வலிக்கும் வேலை. எனக்கு அதில் நல்ல பேர் இருந்தது. அந்தப் பேர்தான் என்னைச் சிக்கலில் மாட்டிவிட்டது.

மேட்டுப்பாளையத்துக்குப் பக்கத்தில் ரங்கசாமி என்று ஒரு பாக்குத் தோப்புக்காரர். அவர் தோப்பின் ஓரத்தில் ஒரு துண்டு நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து, ஸ்டெல்லா என்ற பெண் சிப்பிக்காளான் கொட்டகை போட்டிருந்தார். கோயம்புத்தூரில் மில் வேலையை விட்டுவிட்டு வந்தவர். வைக்கோலைப் பைகளில் அடைத்துத் தொங்கவிட்டு வளர்க்கிற காளான். சில பெண்கள் அவரிடம் வேலை பார்த்தார்கள். அந்தக் கொட்டகைதான் அவர் குடும்பத்துக்குச் சோறு. பாக்கு மரத்து நிழலும் ஈரமும் வேறெங்கே கிடைக்கும்? அங்கிருந்து கிளப்பினால் அவர் மறுபடி மில் வாசலில் போய்த்தான் நிற்க வேண்டும்.

ரங்கசாமியின் தோப்பில் மரங்கள் பட்டுப்போக ஆரம்பித்தன. அடிமரத்தில் கருப்பாகச் சாறு வடிந்தது. கொஞ்ச நாளில் தூரில் விசிறி மாதிரி ஒரு காளான் முளைத்தது. வடிந்த சாற்றில் பொடிப்பொடியாய் வண்டுகள். மனுஷன் அந்த வண்டைப் பார்த்தார், நேரே கொட்டகைக்குள் போய்ப் பார்த்தார். அங்கே தொங்கிய பைகளிலும் அதே மாதிரிப் பொடி வண்டுகள். மரத்திலும் காளான், கொட்டகையிலும் காளான், நடுவில் போய்வருகிற வண்டு. வேறென்ன வேண்டும்? அவர் இடத்தில் நான் இருந்தாலும் அப்படித்தான் நினைத்திருப்பேன்.

சண்டை வந்தது. ஆனால் அந்தப் பக்கத்துச் சண்டை எப்படி இருக்கும் என்று உங்களில் வெளியூர்க்காரர்களுக்குத் தெரியாது. "ஏனுங் அம்மணி, உங்க வண்டுதானுங்க எம்பட மரத்தைக் கொன்னுபோட்டுது" என்பார் அவர். "அப்படிச் சொல்லாதீங்கண்ணா, பாவமுங்க" என்பார் இவர். குரல் உயரும், "ங்க" மட்டும் இறங்காது. கடைசியில் பெருமாள் கோயில் வாசலில் நாலு பேர் முன்னால் ஒரு முடிவுக்கு வந்தார்கள். மரத்து வண்டையும் கொட்டகை வண்டையும் தனித்தனி பாட்டிலில் பிடித்து எங்களிடம் கொடுப்பது. இரண்டும் வேறு வேறு என்றால் ரங்கசாமி அதற்குமேல் வாயே திறக்க மாட்டார். இரண்டும் ஒன்று என்றால் ஸ்டெல்லா கொட்டகையைப் பிரித்துக்கொண்டு போய்விட வேண்டும். மேடம் சொல்லுக்கு இருவரும் கட்டுப்பட வேண்டும். என்னை ஒரு வார்த்தை கேட்காமலே என்னை நீதிபதி ஆக்கிவிட்டார்கள்.

பாட்டில்களைக் கொண்டுவந்த அன்றைக்கு இருவரும் ரங்கசாமியின் ஜீப்பிலேயே சேர்ந்து வந்தார்களாம். வழியில் அவர்தான் ஸ்டெல்லாவுக்கு டிபன் வாங்கிக் கொடுத்தாராம். நான் அன்று வெளியூர் போயிருந்தேன். பாட்டில்களை வாங்கி வைத்தவர் என்னோடு வேலை பார்த்த சண்முகம். கெட்டிக்காரர். கை நடுங்காமல் எள் அளவு வண்டின் வயிற்றைத் திறப்பார். இன்றைக்குப் பெரிய பதவியில் இருக்கிறார். இதைப் படித்தால் சிரிப்பார், அதனால்தான் பேரைப் போடுகிறேன். அவர் இரண்டு பாட்டிலையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டு, "ஒண்ணா வேறயா, அவ்வளவுதானே? சொல்லிடறோம், போயிட்டு வாங்க" என்று வாக்குக் கொடுத்து அனுப்பிவிட்டார்.

இது நம்மைப் போன்றவர்கள் மட்டும் செய்யக்கூடிய தவறு. சாதாரண மனிதன் இதைக் கேட்டால், "வண்டு ஒன்றாக இருந்தால் என்ன, வேறாக இருந்தால் என்ன, மரம் ஏன் சாகிறது?" என்று திருப்பிக் கேட்டிருப்பான். நமக்கோ ஒன்றா வேறா என்று யாராவது கேட்டுவிட்டால் போதும், கை தானாக நுண்ணோக்கிக்குப் போய்விடும். நமக்குப் பதில் தெரிகிற கேள்வி என்றாலே அது நல்ல கேள்வி என்று நினைத்துவிடுகிறோம். வேலியில் போகிற ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொள்வது என்பார்களே, சண்முகம் செய்தது அதுதான். விட்டது என் மடியில்.

ஊரிலிருந்து வந்து நானே உட்கார்ந்து பார்த்தேன். இரண்டு பாட்டிலிலிருந்தும் ஆண் வண்டுகளை எடுத்துத் திறந்தேன். சந்தேகத்துக்கு இடமே இல்லை. இரண்டும் ஒரே இனம். சண்முகமும் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். பிறகு மெதுவாகச் சொன்னார்.

"மேடம், வேற வேறன்னு சொல்லிட்டா என்ன? நம்மளத் தவிர இதை யாரு திறந்து பார்க்கப் போறாங்க? அந்தம்மா பொழப்பு தப்பிச்சுக்கும்."

"உங்க சம்பளத்தையும் அதே மாதிரி வேற வேறன்னு சொல்லி யாராவது பாதியா வெட்டினா ஒத்துக்குவீங்களா?" என்று கத்தினேன். அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று அவர் முழித்தார். எனக்கும் தெரியவில்லை. கோபத்தில் அப்படித்தான் வரும்.

ஆனால் உங்களிடம் மறைக்காமல் சொல்கிறேன். அவர் போன பிறகு எனக்கும் அந்த ஆசை வந்தது. ஒரே ஒரு வார்த்தை. யாருக்கும் நஷ்டமில்லை என்றுதான் தோன்றியது. மருதமலைப் பக்கம் பார்த்தபடி ஜன்னலோரம் வெகுநேரம் நின்றேன். நான் வேண்டாம் என்று முடிவு செய்ததற்குக் காரணம் பெரிய தர்மமெல்லாம் இல்லை. மரம் ஏன் சாகிறது என்று எனக்குத் தெரியாது. தெரியாத ஒன்றின் மேல் பொய்யை வைத்து மூடினால், உள்ளே என்ன கிடக்கிறது என்று பிறகு யாருமே தோண்டிப் பார்க்க மாட்டார்கள். அது எனக்குப் பயமாக இருந்தது.

ரங்கசாமிக்குப் போன் செய்தேன். "நேர்ல வந்துதான் சொல்லுவேன். அதுவரைக்கும் யாரும் எதையும் தொடக்கூடாது" என்றேன்.

"வாங்க மேடம், வாங்க. கொட்டாயைப் பிரிக்க ஆளுங்களுக்குச் சொல்லிப்போட்டேன். பிரிக்க வேண்டாம்னா காப்பி குடிச்சுப்போட்டுப் போகட்டும்" என்றார்.

மறுநாள் காலையில் சண்முகத்தையும் இழுத்துக்கொண்டு கிளம்பினேன். வழியெல்லாம் அவர், "அங்க போய் என்ன சொல்லப் போறீங்க?" என்று கேட்டுக்கொண்டே வந்தார். தோப்பைக் கண்ணால் பார்க்காமல் எனக்கு எப்படித் தெரியும்? கொட்டகைதான் காரணம் என்று அங்கே எனக்குத் தெரியவந்தால், அதையும் சொல்லத்தான் வேண்டும். அந்த நினைப்போடுதான் உட்கார்ந்திருந்தேன். இருந்தாலும் முகத்தில் ஒன்றும் காட்டவில்லை. நம் வேலையில் முகமும் ஒரு கருவிதான்.

போய் இறங்கினால், கடப்பாரையும் கயிறுமாக ஆட்கள் நிற்கிறார்கள். ஸ்டெல்லா கொட்டகை வாசலில் நின்றார். கோயில் வாசலில் இருந்த நாலு பேரும் ஆஜர். காப்பி வேண்டுமா என்று ரங்கசாமி கேட்டார். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, நின்ற இடத்திலேயே சொன்னேன்.

"ரெண்டு பாட்டிலிலும் ஒரே வண்டு."

ஸ்டெல்லா அழவில்லை. என்னை ஒரு பார்வை பார்த்தார், அவ்வளவுதான். பிறகு உள்ளே திரும்பி, "பைகளை எறக்குங்கடி" என்றார் வேலைக்காரப் பெண்களிடம். ரங்கசாமி முகத்தில் சந்தோஷமே இல்லை. தலையைக் குனிந்துகொண்டு, "எனக்கும் இது புடிக்கலைங்க. ஆனா சொன்ன சொல்லுன்னு ஒண்ணு இருக்குதுங்களே" என்றார். கடப்பாரைக்காரர்கள் கூரைப் பக்கம் நகர்ந்தார்கள்.

"நில்லுங்க!" என்று நான் போட்ட சத்தத்தில் மரத்தில் இருந்த காக்கைகள் பறந்தன. "நீங்க என்னன்னு ஒத்துக்கிட்டீங்க? வண்டு சொல்லுக்குக் கட்டுப்படறோம்னா, மேடம் சொல்லுக்குக் கட்டுப்படறோம்னா?"

நாலு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். "மேடம் சொல்லுக்குத்தானுங்க" என்றார் ஒருவர்.

"நான் இன்னும் சொல்லி முடிக்கலை. முடிக்கறவரைக்கும் ஒரு ஓலையை யாரும் தொடக்கூடாது."

அந்த அதட்டலுக்குப் பின்னால் என் கையில் ஒன்றும் இல்லை என்பது சண்முகத்துக்கு மட்டும்தான் தெரியும். அவர் நெற்றியில் வேர்வை வழிந்தது.

முதலில் எல்லாரையும் கூட்டிக்கொண்டு ரங்கசாமியின் வீட்டுக்கு நடந்தேன். கொட்டகைக்கும் தோப்புக்கும் தள்ளி, ரோட்டுக்கு அந்தப் பக்கம் வீடு. வாசலில் கொய்யா மரம். கீழே விழுந்து அழுகிய பழம் ஒன்றை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்துப் பிட்டேன். பொடிப்பொடியாக வண்டுகள் ஓடின.

"இது எந்த வண்டுங்க?"

அவர் கண்ணருகே கொண்டுபோய்ப் பார்த்தார். "அதே மாதிரித்தானுங்க இருக்குது."

"லேப்ல திறந்து பார்க்காம நான் சத்தியம் பண்ண மாட்டேன். ஆனா இந்த வண்டு அப்படித்தான். எது புளிச்சு நாறுதோ அங்க விருந்துக்கு வந்துரும். உங்க ஊட்டு வாசலுக்கும் வந்திருக்கு. ஊட்டையும் பிரிச்சுப்போடலாமா?"

கூட வந்தவர்கள் சிரித்துவிட்டார்கள். ரங்கசாமிக்கும் சிரிப்பு வந்தது, ஆனால் விடவில்லை. நல்ல விவசாயி, சுலபத்தில் விடமாட்டார். "சரிங்க மேடம். விருந்துக்கே வரட்டும். கொட்டாயில இருக்கற நோவைக் காலுல ஒட்டவெச்சுட்டு எம்பட மரத்துக்கு வராதுங்களா?"

என்ன கேள்வி பாருங்கள்! மாநாட்டில் கேட்க வேண்டிய கேள்வி. "வராது" என்று சொல்ல நாக்கு துடித்தது. ஆனால் பூச்சி காலில் காளான் வித்து ஒட்டிக்கொண்டு போவது உண்டு என்று எனக்குத் தெரியும்.

"ஒட்டலாம்" என்றேன். சண்முகம் கண்ணை மூடிக்கொண்டார். "ஆனா அங்க இருக்கறது சிப்பிக்காளான். வைக்கோலைத் தின்னு வளர்றது. உசுரோட நிக்கற பாக்கு மரத்துல அதுக்கு வேலையில்லை. உங்க மரத்துத் தூர்ல இருக்கறது வேற சாதி. சரி, என் பேச்சை நம்ப வேண்டாம். கொட்டகையிலிருந்துதான் வருதுன்னா எந்த மரம் மொதல்ல சாகணும்?"

"பக்கத்துல இருக்கற மரந்தானுங்க."

"காட்டுங்க."

இதுதான் அன்றைக்கு என் உயிர் போய் வந்த நேரம். தோப்புக்குள் நுழைந்து கொட்டகையை ஒட்டிய வரிசைக்குப் போனோம். நிமிர்ந்து பார்த்தேன். கொட்டகையைத் தொடாத குறையாக நின்ற மரங்கள் பச்சைப் பசேல் என்று, குலை தள்ளி நின்றன. ஒரு சொட்டுச் சாறு இல்லை. எனக்கு அப்போது வந்த நிம்மதியை எழுதிக்காட்ட முடியாது. ரங்கசாமி ஒவ்வொரு மரமாகத் தடவிப் பார்த்தார். தினம் நடக்கிற தோப்புதான். செத்த மரத்தை நோக்கியே நடந்தவர், சாகாத மரத்தைப் பார்க்க நினைக்கவில்லை.

"அப்ப பட்டுப்போனது எல்லாம் எங்க இருக்கு?" என்று கேட்டேன்.

அழைத்துப் போனார். தோப்பின் அந்தக் கோடி. பட்டுப்போன மரங்கள் எல்லாம் ஒரே பாசன வாய்க்காலை ஒட்டி ஒன்றன்பின் ஒன்றாக இருந்தன. வாய்க்காலோடு மேலே நடந்தோம். மண் மூடிக் கிடந்த ஓர் இடத்தில் சண்முகத்துக்குக் கால் இடறியது. பழைய பாக்கு மரத்து அடிக்கட்டை. மண்ணைத் தள்ளினால் அதே விசிறிக் காளான், கட்டை மாதிரி இறுகிப்போய்.

"இது எப்ப வெட்டினது?"

"அம்மணி குத்தகைக்கு வர்றதுக்கு ரொம்ப முன்னாடிங்க. மோட்டார் ரூமு கட்டறப்ப மரம் சீக்காக் கெடந்துச்சு, வெட்டிப்போட்டோம். தூரைத் தோண்டறது சிரமம்னு உட்டுப்போட்டோம்."

மர நோய் என் துறை அல்ல. நோய்ப் பிரிவில் இருந்த தோழிக்கு வீடியோவில் கட்டையையும் தூரையும் காட்டினேன். வேரைத் தோண்டச் சொன்னாள். தோண்டினால் உள்ளே பழுப்பேறிக் கிடந்தது. அவள் சொன்னது தெளிவாக இருந்தது. இது மண்ணுக்குள் வேர் வழியாகவும் வாய்க்கால் தண்ணீர் வழியாகவும் போகிற நோய். மரம் உள்ளுக்குள் அழுகும், சாறு வெளியே வடியும், வடிந்த சாற்றுக்கு வண்டு வரும். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

எல்லாரையும் கூட்டிவைத்து என் சொல்லைச் சொல்லி முடித்தேன். கொட்டகை இருந்த இடத்தில் இருக்கும். ரங்கசாமி அந்தக் கட்டையைத் தோண்டி எரிக்க வேண்டும், நோய் மரங்களைத் தூரோடு எடுக்க வேண்டும், சுற்றிக் குழி வெட்டி வாய்க்காலைத் திருப்ப வேண்டும். ஸ்டெல்லா முகம் மலர்ந்தது. நான் அவரையும் விடவில்லை. கொட்டகைக்குப் பின்னால் பழைய பைகளை மலைபோலக் குவித்து வைத்திருந்தார். ஒன்றைப் பிரித்துக் காட்டினேன். புழுக்கள் நெளிந்தன.

"இது வண்டுக்குப் பிரசவ ஆஸ்பத்திரி. உங்க காளானைத்தான் கெடுக்கும். இன்னைக்கே புதைக்கணும்."

"இன்னைக்கேங்களா மேடம்?" என்றார்.

"கொட்டகையைப் பிரிக்கறதுக்கு வந்த ஆள் சும்மாதானே நிக்கறாங்க" என்றேன்.

கதை இத்தோடு முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன். கஷ்டமான பாகம் இனிமேல்தான் இருந்தது. வாய்க்கால் ஓரத்தில் பட்டுப்போன மரங்களுக்கு அடுத்து, பார்க்க நன்றாகவே இருந்த சில மரங்கள் நின்றன. இலை பச்சை. குலை கனத்துத் தொங்கியது. வேரைத் தோண்டினால் அதே பழுப்பு. தோழி போனில், "இதுகளும் போகணும். விட்டா தோப்பே போயிரும்" என்றாள். அதை ரங்கசாமியிடம் நான்தான் சொல்ல வேண்டியிருந்தது. காய்த்து நிற்கிற மரத்தை வெட்டு என்று ஒரு விவசாயியிடம் சொல்லிப் பாருங்கள், அப்போது தெரியும் நம் படிப்பின் லட்சணம்.

அவர் ஒரு மரத்தின்மேல் கையை வைத்துக்கொண்டு நின்றார். "இது காய்ச்சுட்டு இருக்குதுங்களே மேடம்" என்றார். குரல் உடைந்துவிட்டது.

"தெரியுதுங்க. இருந்தாலும் போகணும்" என்றேன்.

கூட வந்த நாலு பேரில் ஒருவர், "எதுக்கும் இன்னொருத்தரைக் கேட்டுப்போட்டுச் செய்யலாமுங்கண்ணா. இவங்க பூச்சிக்காரங்கதானே" என்றார். நியாயமான பேச்சு.

ரங்கசாமி என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"வேண்டாமுங்க" என்றார் அந்த ஆளிடம். "ஒரே வண்டுன்னு மேடம் சொன்னாங்களே, அப்ப அம்மணி மூஞ்சியப் பார்த்தீங்களா? எனக்கே பார்க்க முடியலைங்க. வேற வண்டுன்னு சொல்லியிருந்தா நானும் நம்பீட்டு ஊட்டுக்குப் போயிருப்பேன். அந்தக் கட்டையை யாரும் பார்த்திருக்க மாட்டோம். பொய் சொல்ற ஆளா இருந்தா அங்கயே சொல்லியிருப்பாங்க. அதனால இதும் நெசந்தானுங்க."

பிறகு கொட்டகைப் பக்கம் நின்ற ஆட்களைக் கூப்பிட்டார். ஒருவர் கையிலிருந்த கடப்பாரையைத் தானே வாங்கிக்கொண்டு, குலையோடு நின்ற அந்த மரத்தின் தூரில் முதல் குத்தைக் குத்தினார்.